மதாம் லெயோனி உப்புப் பார்த்த சூப்

போன வாரம் இந்தப் பக்கத்தில் என்னைக் காணோமே என்று பலர் விசாரித்தீர்கள். வீட்டில் டைபாய்டு. எனக்கல்ல... என் மனைவி கமலாவுக்கு.

காய்ச்சல் ஒருவழியாக இறங்கிவிட்டது. ஆனால் வாய் திறக்க மாட்டேன் என்கிறாள். கஞ்சியைக் கண்டால் குமட்டல். பால் என்றால் முகத்தைத் திருப்பிக்கொள்வாள். ரசத்தில் குழைத்த சாதம் ஒரு வாய் போனால், அது போன வழியே திரும்பி வந்துவிடும். டாக்டர் வந்து பார்த்தார். "மருந்து அதோட வேலையைச் செஞ்சிடுச்சு. இனிமே ஆகாரம் உள்ள போனாத்தான் தேறுவாங்க" என்றார். போகாவிட்டால் என்ன ஆகும் என்று நான் கேட்கவில்லை. கேட்கப் பயம்.

மார்கழி வேறு. புதுச்சேரியில் ஏதய்யா குளிர் என்று சிரிக்காதீர்கள். நாலு நாள் தூறலில் நனைந்த கடல்காற்று ஜன்னல் வழியாக வந்தால் எப்படி இருக்கும் என்று, ஜுரத்தில் கிடந்து எழுந்தவளைக் கேட்டுப் பாருங்கள்.

அடுத்த வீட்டில் இருப்பவர் மதாம் லெயோனி. கணவரோடு பல வருஷம் சைகோனில் இருந்துவிட்டுத் திரும்பியவர். ஊரில் பிரெஞ்சுக் கொடி இறங்கிய பிறகும் அவர் வீட்டில் ராத்திரிச் சாப்பாடு சூப்பில்தான் ஆரம்பிக்கும். கமலாவின் நிலைமை தெரிந்ததும் மூடி போட்ட பீங்கான் கிண்ணத்தில் காய்கறி சூப் கொண்டுவந்தார். வாசனை அறையெல்லாம் பரவியது. கமலா லேசாகக் கண் திறந்து பார்த்தாள். அதை நான் கவனித்தேன்.

என் அம்மாவும் கவனித்தாள். மருமகளைப் பார்த்துக்கொள்ள விழுப்புரத்திலிருந்து வந்திருப்பவள். பரம சைவம். அடுத்த வீட்டுப் பாத்திரத்தில் வெந்த எதுவும் எங்கள் வீட்டு நடை தாண்டாது.

"இப்ப வேணாம் மதாம்மா. அவளுக்கு ஒத்துக்காது" என்றாள், நல்ல மரியாதையாகத்தான்.

மதாமுக்குப் புரிந்துவிட்டது. கிண்ணத்தை எடுத்துக்கொண்டு போய்விட்டார். எனக்கு அம்மா மேல் கோபமான கோபம். பெண்டாட்டி கிழிந்த நாராகக் கிடக்கிறாள், இங்கே பாத்திரத்துக்கு ஜாதகம் பார்க்கிறார்களே! ஆனால் அம்மாவிடம் கத்தி யார் ஜெயித்தது?

கொஞ்ச நேரத்தில் கொல்லைப் பக்கம் குரல். மதாம்தான். ஒரு கையில் குடை, மறு கையில் கூடை.

"இதெல்லாம் பச்சைக் காய்ம்மா. இன்னும் அடுப்பே பார்க்கல. கழுவிட்டு உங்க பாத்திரத்துல போடுங்க. நான் இங்கயே நின்னு சொல்றேன்."

காயாக வந்தால் குற்றமில்லை. வெந்து வந்தால்தான் குற்றம். அம்மாவின் சட்டப் புத்தகத்தில் இப்படி ஒரு சந்து இருப்பது மதாமுக்கு எப்படித் தெரிந்தது? அம்மா கூடையை வாங்கிக்கொண்டாள்.

ஆரம்பமாயிற்று சமையல். உள்ளே அம்மா, வெளியே தூறலில் மதாம்.

"முதல்ல வெண்ணெய்ல வெங்காயம். செவக்க விடாதீங்க."

கேரட், உருளைக்கிழங்கு, நூக்கோல், முட்டைக்கோஸ், வெங்காயத்தாள் எல்லாம் பொடியாக நறுக்கி, தண்ணீர் ஊற்றி, சின்னத் தணலில் வேக வேண்டும். அம்மாவின் கை தானாகக் கடுகு டப்பாவுக்குப் போயிற்று.

"தாளிக்க வேணாமா?"

"வேணாம்."

"ஒரு பிடி பருப்பாவது?"

"வேணாம்மா."

"புளி?"

"ஐயையோ!"

"அப்புறம் இதுல என்னதான் இருக்குன்னு அவ குடிப்பா?"

வெந்ததைப் பருப்பு மத்தால் பாதி மசித்து, பாதியை அப்படியே விடச் சொன்னார் மதாம். முழுக்க மசித்தால் கூழாம். மசிக்காவிட்டால் வெறும் வெந்நீராம். கடைசியில் உப்பு. இங்கேதான் வண்டி நின்றது.

"ருசி பார்த்துப் போடுங்க" என்றார் மதாம்.

அம்மா விழித்தாள். சமைக்கும்போது நாக்கில் வைத்துப் பார்ப்பது எங்கள் வீட்டில் கிடையாது. எச்சில். சாம்பாருக்கும் கூட்டுக்கும் அம்மாவின் கைக்கே அளவு தெரியும். இந்தப் புதுப் பண்டத்துக்கு? உப்புக் கரித்தாலோ சப்பென்றிருந்தாலோ கமலா முதல் கரண்டியிலேயே வாயை மூடிக்கொள்வாள். அப்புறம் அந்த வாயைத் திறக்க வைப்பது யார்?

"நான் பார்க்கட்டுமா?" என்றேன்.

"நீயா? எதைப் போட்டாலும் நல்லா இருக்கும்ப. போடா."

அம்மா யோசித்தாள். பிறகு கொல்லைக் கதவைப் பார்த்து, "மதாம்மா, உங்க வீட்டுல இருந்து ஒரு கோப்பை எடுத்துட்டு வாங்க" என்றாள்.

வந்தது. அம்மா கரண்டியை ஒரு முழம் உயரத்தில் தூக்கி, கோப்பையில் படாமல் ஊற்றினாள். மதாம் முகம் சுளிக்கவில்லை. கண்ணை மூடிக் குடித்துவிட்டு, "உப்பு இன்னொரு சிட்டிகை. மிளகு தட்டிப் போடுங்க" என்றார்.

கமலா குடித்தாள். ஒரு கரண்டி. இன்னொன்று. ஒரு டம்ளர் முழுக்க உள்ளே போய், உள்ளேயே தங்கியது. எனக்கு அழுகை வந்துவிட்டது. வரட்டும் என்று விட்டுவிட்டேன்.

மறுநாள் சாயங்காலமும் சூப் கொதித்தது. மதாம் கோப்பையோடு கொல்லையில் வந்து நின்றார்.

"நானே பார்த்துட்டேன் மதாம்மா. உள்ளங்கையில ஒரு சொட்டு விட்டு" என்றாள் அம்மா.

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. "ஏம்மா, ருசி பார்க்கக் கூடாதுன்னு..."

"அது சாமிக்குப் படைக்கிறதுக்குடா. இது மருந்து."

பார்த்தீர்களா? ஆசாரக்காரர்களைச் சும்மா சொல்லக் கூடாது. பூட்டுப் போடுவதும் அவர்கள்தான், சாவியை இடுப்பில் வைத்திருப்பதும் அவர்கள்தான்.

மதாமின் முகம் வாடிவிட்டது. இனி இவருக்கு இங்கே என்ன வேலை? குடையை விரித்துக்கொண்டு திரும்பினார்.

"எங்க போறீங்க? இந்தக் குளிர்ல ரெண்டு நாளா நிக்கிறீங்க. உள்ள வாங்க" என்ற அம்மா, மதாமின் கையிலிருந்த கோப்பையைத் தன் கையால் வாங்கினாள். நிறைய ஊற்றிக் கொடுத்தாள்.

மதாம் எங்கள் சமையலறைப் படியில் உட்கார்ந்து, ஒரு வாய் குடித்து, கொஞ்சம் தயங்கினார்.

"உப்பு கம்மிம்மா."

"அதெல்லாம் சரியாத்தான் இருக்கு."

"இல்லம்மா, ஒரு சிட்டிகை..."

"நான்தான் பார்த்தேன்ங்கிறேனே!"

அப்போது அறைக்குள்ளிருந்து ஒரு சத்தம் வந்தது. இத்தனை நாளாகத் தண்ணீர் கேட்கக்கூடக் குரல் எழும்பாதவளின் சத்தம்:

"உப்பை அப்புறம் பார்த்துக்கலாம்... முதல்ல எனக்கு ஊத்துங்க!"

காய்ச்சல் போனதை டாக்டர் வந்துதான் சொன்னார். பசி வந்ததைத் தெருவே கேட்டது.