அக்காவுக்காக உறைந்த பழங்கள்

அந்தப் பெரிய ஃப்ரீசர் வந்த நாளிலிருந்து அக்கா வீட்டு நடையில் யாராலும் நேராக நடக்க முடியவில்லை. வயிற்றை உள்ளே இழுத்து, பக்கவாட்டில் திரும்பித்தான் சமையலறைக்குப் போக வேண்டும். இழுத்து மூடப்பட்ட ஒரு பேக்கரியிலிருந்து அத்தான் அதைக் கொண்டுவந்திருந்தார். மூடியெல்லாம் துரு. நான்கு கால்களில் ஒன்று இல்லை. அந்த இடத்தில் இரண்டு செங்கல்.

"இதை எங்க வைக்கப் போறீங்க?" என்று அக்கா கட்டிலில் இருந்தபடியே கேட்டாள்.

"வச்சாச்சு."

"அப்ப நான் எங்க போறது?"

"நீ எங்கயும் போக வேணாம். உனக்குத்தான் இது."

அத்தான், அதாவது அக்காவின் கணவர், ஃப்ரிட்ஜ் மெக்கானிக். எந்தப் பெட்டியின் மேலும் உள்ளங்கையை வைத்து, உள்ளே எத்தனை டிகிரி என்று சொல்லிவிடுவார். அதனால் தெருவில் அவருக்கு டிகிரி என்றே பெயர். பத்தாவதைத் தாண்டாத மனுஷனுக்கு இந்தத் தெரு கொடுத்த பட்டம் என்று அக்கா சொல்லிச் சிரிப்பாள். அவள் ஒரு சினிமா தியேட்டரின் டிக்கெட் கவுன்ட்டரில் இருபது வருடம் உட்கார்ந்தவள். கை மட்டும் நுழைகிற ஓட்டை வழியாகவே ஊரை எடைபோட்டவள். வாய் கொஞ்சம் ஜாஸ்தி.

போன வருடம் அவளுடைய சிறுநீரகங்கள் இரண்டும் வேலையை நிறுத்திக்கொண்டன. வாரத்துக்கு மூன்று முறை டயாலிசிஸ். மெஷின் ரத்தத்தைச் சுத்தம் செய்து, உடம்பில் தேங்கிய தண்ணீரையும் இழுத்துவிடும். அடுத்த முறை வரைக்கும் உள்ளே போன தண்ணீருக்கு வெளியே வர வழி கிடையாது. கால் வீங்கும், மூச்சு முட்டும். ஆகவே ஒரு நாளைக்கு ஒரு சின்ன பாட்டில் தண்ணீர்தான். காலையில் அத்தான் அதை நிரப்பி ஜன்னலோரம் வைப்பார். அவ்வளவுதான் அவள் பங்கு.

நான் வெளிநாட்டிலிருந்து விடுமுறையில் வந்து இறங்கியபோது கோடை உச்சத்தில் இருந்தது. சுவரில் சாய்ந்தால் முதுகு சுட்டது. அக்கா மத்தியானத்துக்குள் பாட்டிலைக் காலி செய்துவிட்டு, அதன் அடியில் மிஞ்சிய ஈரத்தைப் பார்த்துக்கொண்டிருப்பாள். நாக்கு மேலண்ணத்தில் ஒட்டி, பேசும்போது டக் டக்கென்று சத்தம் வரும். வாய் கொப்பளிக்கப் போனால் அத்தான் பின்னாலேயே போய் நிற்பார்.

"துப்பினியா?"

"துப்பினேன்."

"தொண்டை அசைஞ்ச மாதிரி இருந்துச்சே."

"உங்களை உள்ளுக்குள்ள திட்டினேன். அதான் அசைஞ்சுது."

இந்தக் காவல் வேலை அவருக்கு ஒத்துவரவில்லை. அவள் தாகத்தில் புரள, அவர் பக்கத்தில் உட்கார்ந்து தன் தண்ணீரையும் குடிக்க முடியாமல் விழித்துக்கொண்டிருந்தார். வெளியே போய் ஒளிந்து குடித்துவிட்டு, மீசையைத் துடைத்துக்கொண்டு வருவார். அப்போதுதான் டயாலிசிஸ் வார்டின் தலைமை நர்ஸ், எல்லோரும் பெரிய சிஸ்டர் என்று கூப்பிடுகிறவர், ஒரு வழி சொன்னார்: "தாகம் தாங்கலைன்னா நாலு திராட்சையை ஃப்ரீசர்ல வச்சு, ஒண்ணொண்ணா வாயில அடக்கிக்கச் சொல்லுங்க."

அத்தானுக்கு அது போதும். அதற்குத்தான் ஃப்ரீசர்.

முதல் இரண்டு நாள் திராட்சை. மூன்றாம் நாள் தர்பூசணியைக் கொட்டை எடுத்து, மிக்ஸியில் அடித்து, காபி டம்ளர்களில் ஊற்றிக் குச்சி சொருகினார். சர்க்கரை கிடையாது, கலர் கிடையாது, கடையில் வாங்கின எசன்ஸ் கிடையாது. "எல்லாம் பழம். சுத்தமான பழம். உடம்புக்கு ஒண்ணும் பண்ணாது" என்று என்னிடம் நாலு தரம் சொன்னார். அக்கா ஒரு கடி கடித்துப் பார்த்துவிட்டுக் கன்னத்தைப் பிடித்துக்கொண்டாள்.

"கிட்னி போச்சு. பல்லையும் எடுத்துடலாம்னு பாக்குறீங்களா?"

சர்க்கரை இல்லாத சாறு கல்லாகத்தான் உறையும். அது அவருக்குத் தெரிந்த விஷயம். உட்கார்ந்து யோசித்தார். நன்றாகப் பழுத்த வாழைப்பழத்தை மசித்துச் சேர்த்தால் வெண்ணெய் மாதிரி வரும் என்று கண்டுபிடித்தார். அதோடு ஆரஞ்சைத் தோலுரித்து, வெள்ளை நாரைப் பிரித்து, சுளையாகப் போட்டார். டம்ளர்களை ஃப்ரீசரின் சுவரை ஒட்டி வைத்தால் சீக்கிரம் உறையும், சீக்கிரம் உறைந்தால் நறநறவென்று இருக்காது என்று எனக்குப் பாடம் நடத்தினார். வேலைக்குப் போகும் தெருக்களிலெல்லாம் பழுத்த பழமாகத் தேடி வாங்கி வந்தார். ஒரு நாள் அன்னாசி, ஒரு நாள் மாம்பழம். ஆனால் அடியில் எப்போதும் வாழைப்பழம்.

அக்கா மாறிப்போனாள். டம்ளரைச் சூடான கைக்குள் உருட்டி, ஐஸைக் குச்சியோடு உருவி எடுத்து, காலை நீட்டிச் சாய்ந்துகொண்டு நக்குவாள். கண் மூடியிருக்கும். பழைய ஏளனம் திரும்பி வந்தது. "இன்னிக்கு முதல் வகுப்பு. நேத்தையது பெஞ்சு டிக்கெட்" என்று மார்க் போடுவாள். மாடி வீட்டு டீச்சர் ஒரு டம்ளர் கேட்டபோது, "இது ஸ்பெஷல் ஷோ, ஹவுஸ்ஃபுல்" என்று அனுப்பிவிட்டாள். ஒன்று இரண்டானது. மத்தியானம் ஒன்று, சாயங்காலம் ஒன்று, சூடு தாங்காத நாளில் இன்னொன்று. அத்தான் சட்டை நனைய வேலையிலிருந்து வந்து, குளிப்பதற்கு முன் ஃப்ரீசரைத் திறந்து எண்ணிப் பார்ப்பார். காலி டம்ளர்களைக் கண்டால் முகம் மலரும்.

ஆஸ்பத்திரியில் எடை பார்க்கும்போதுதான் தகராறு. ஒவ்வொரு முறையும் எடை கூடுதலாகக் காட்டியது. கூடினது சதையில்லை, தண்ணீர்.

"தண்ணி நிறைய குடிக்கிறீங்க" என்றாள் சின்ன நர்ஸ் ஒருத்தி.

"பாட்டில்தான்மா. நான்தான் ஊத்தி வைக்கிறேன்" என்றார் அத்தான்.

"அப்ப வேற எங்கயோ குடிக்கிறாங்க."

அந்தச் சொல் அவருக்குள் போய் உட்கார்ந்துகொண்டது. வீட்டுக்கு வந்ததும் குளியலறைக் குழாயைப் பார்த்தார், சமையலறைக் குழாயைப் பார்த்தார், என்னையும் ஒரு மாதிரி பார்த்தார். "மச்சான், நீ பாசத்துல ஒரு வாய் ரெண்டு வாய் குடுக்கிறியா? சொல்லிடு, திட்ட மாட்டேன்." இல்லை என்றேன். மறுநாள் தண்ணீர்த் தொட்டிக்கு அடியில் குனிந்து வால்வைப் பூட்டி, ஸ்பேனரைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார். பாத்திரம் தேய்க்க வருகிற அம்மா வந்தால்கூட அவர் இருந்தால்தான் தண்ணீர்.

அக்கா இரண்டு நாள் அவரோடு பேசவில்லை. "குழாயைப் பூட்டுற அளவுக்குத் திருடியாயிட்டேன்" என்று சுவரைப் பார்த்துச் சொன்னாள். அத்தானுக்கு அது பொறுக்கவில்லை. மன்னிப்புக் கேட்கத் தெரியாத மனுஷன். அந்த வாரம் மாம்பழமும் ஆரஞ்சும் சேர்த்து, பெரிய டம்ளர்களில், ஃப்ரீசர் நிறைய ஐஸ் போட்டு வைத்தார்.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அக்காவால் படுக்க முடியவில்லை. படுத்தால் மூச்சு திணறியது. எழுந்து உட்கார்ந்து ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டாள். உதடு நிறம் மாறியிருந்தது. கால் விரல்கள் ஒன்றோடொன்று ஒட்டுகிற அளவுக்கு வீக்கம். பேச வாயைத் திறந்தாள், காற்றுதான் வந்தது. அத்தான் விசிறினார். ஃபேனைக் கூட்டினார். பிறகு, கடவுளே, ஃப்ரீசரைத் திறந்து ஒரு ஐஸை எடுத்துவந்து அவள் உதட்டில் வைத்தார். அவள் தலையைத் திருப்பிக்கொண்டாள். நான் ஆம்புலன்ஸுக்குப் போன் பண்ணினேன்.

வார்டில் அவசரமாக மெஷினில் போட்டார்கள். நெஞ்சில் ஒட்டிய கம்பிகள் திரையில் கோணல்மாணலாக ஏதோ வரைந்தன. டாக்டர் ரத்தப் பரிசோதனையைப் பார்த்து, "பொட்டாசியம் எக்கச்சக்கம். இதயம் நின்னிருக்கும்" என்று யாரிடமோ சொல்லிவிட்டுப் போனார். நாங்கள் வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்தோம்.

பெரிய சிஸ்டர் வந்தார். "என்ன சாப்பிட்டாங்க? ஒண்ணு விடாம சொல்லுங்க."

அத்தான் எல்லாம் சொன்னார். உப்பில்லாத சோறு, வேகவைத்துத் தண்ணீரை வடித்த காய். கடைசியில் கொஞ்சம் பெருமையாகவே, "நீங்க சொன்னீங்களே திராட்சை, அதை நான் கொஞ்சம் பெரிசா பண்ணிட்டேன் சிஸ்டர். உங்களுக்கும் ஒண்ணு" என்று, கிளம்பும் அவசரத்திலும் கையோடு கொண்டுவந்திருந்த அகல வாய் பிளாஸ்க்கைத் திறந்தார். கண் விழித்ததும் அவள் கேட்பாள் என்று எடுத்துவந்தது.

சிஸ்டர் ஐஸைக் கையில் வாங்கிப் பார்த்தார். "என்னென்ன பழம்?"

"வாழைப்பழம், ஆரஞ்சு, மாம்பழம். சர்க்கரை கிடையாது."

சிஸ்டர் கோபப்படவில்லை. ஒரு டம்ளரைக் கொண்டுவந்து, ஐஸை அதில் நிறுத்தி, பெஞ்சில் அவர் பக்கத்தில் வைத்துவிட்டு உள்ளே போய்விட்டார். அந்த வராந்தாவில் ஃபேன்கூடக் கிடையாது. ஐஸ் ஓரத்தில் பளபளத்தது, சாய்ந்தது, குச்சி டங்கென்று டம்ளரில் விழுந்தது. மஞ்சள் தண்ணீர் பாதிக்கு மேல் ஏறி நின்றது. வாழ்நாள் முழுக்கத் தண்ணீரை ஐஸாக்கிய மனுஷன் அதை முதல் தடவை பார்ப்பதுபோல் பார்த்துக்கொண்டிருந்தார்.

"பழம்னு நினைச்சேன் மச்சான்" என்றார். "சாப்பாட்டுல சேத்தேன். தண்ணியில சேக்கல."

சிஸ்டர் திரும்பி வந்தபோது டம்ளரைப் பார்த்துவிட்டு எதிரே உட்கார்ந்தார். "தண்ணி இதுல பாதி விஷயம்தான். இதைவிட மோசம் வாழைப்பழமும் ஆரஞ்சும். அதுல இருக்கிற பொட்டாசியம் இவங்க உடம்பை விட்டு வெளிய போகாது. நேரா இதயத்துல கை வைக்கும். முதல் வாரமே உட்கார வச்சுச் சொன்னோமே. எந்தப் பழம் கூடாது, ஐஸும் தண்ணிக் கணக்குதான், எல்லாம்."

அத்தான் யோசித்தார். அந்த முதல் வாரம் அவர் எங்கே இருந்தார் என்பது எனக்கே தெரியும், போனில் சொல்லிச் சிரித்திருக்கிறார். வார்டில் மருந்து வைக்கிற ஃப்ரிட்ஜ் கடகடவென்று சத்தம் போட்டதாம். கேட்டுக்கொண்டு சும்மா இருக்க முடியவில்லையாம். இவர் போய்ப் பின்பக்கம் கழற்றிச் சரிபண்ணிக்கொண்டிருந்தபோதுதான் சிஸ்டர் பேசியிருக்கிறார். கேட்டவள் அக்கா மட்டும்தான். வந்து இவரிடம் சொன்னது, "சோத்துல உப்பு கூடாதாம், காயை வேகவச்சு வடிக்கணுமாம், ஒரு நாளைக்கு ஒரு பாட்டில்தானாம்" என்பது மட்டும்.

அக்கா மூன்றாம் நாள் வீட்டுக்கு வந்தாள். மெலிந்து, கன்னம் ஒட்டி, ஆனால் மூச்சு சீராக. அத்தான் ஃப்ரீசருக்குள் இருந்ததையெல்லாம் பாத்திரம் தேய்க்கிற தொட்டியில் கவிழ்த்து உருகவிட்டிருந்தார். நடையெல்லாம் மாம்பழ வாசனை. அவர் கட்டிலுக்குப் பக்கத்தில் ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்தார்.

"உனக்குத் தெரியுமா?"

அவள் என்ன என்று கேட்கவில்லை. "தெரியும்."

"ஐஸும் தண்ணின்னு?"

"ஐஸு தண்ணியில்லாம தங்கமா? அது தெரியாதது நீங்க ஒருத்தர்தான்."

"வாழைப்பழமும்?"

"அதுவும்தான்."

அத்தான் கையைப் பிசைந்தார். அவர் உள்ளங்கைகள் எப்போதும் வெடித்து வெளுத்திருக்கும். "செத்துருப்பியேம்மா. நான் என் கையால குடுத்து."

"முதல்ல சொல்லலாம்னுதான் பாத்தேன்." அக்கா தம்பியாகிய என்னைப் பார்த்துத்தான் பேசினாள், அவரைப் பார்க்கவில்லை. "ஒரு வருஷமா இந்த மனுஷன் என் பக்கத்துல உக்காந்து கையப் பிசைஞ்சுக்கிட்டே இருந்தாருடா. பாக்கச் சகிக்கல. அந்தப் பொட்டி வந்த அப்புறம்தான் மூஞ்சியில ரத்தம் ஓடுச்சு. எனக்கும் தாகம். ஒண்ணு போனா போகட்டும்னேன். அப்புறம் நிறுத்த முடியல. நாக்குல அது படுற நேரம் நான் நோயாளி இல்ல, தெரியுமா."

"குழாயைப் பூட்டினேனே. அப்பவாவது சொல்லியிருக்கலாம்ல."

"அப்ப கோபம். திருடின்னு நினைக்கிறவருக்கு எதுக்குச் சொல்லணும்."

அவருக்குக் கோபப்படத் தெரிந்திருந்தால் நன்றாயிருந்திருக்கும். எழுந்தார், நடைவரை போனார், திரும்பி வந்து அதே ஸ்டூலில் உட்கார்ந்தார். இனிமேல் எதைச் செய்தால் அவளுக்கு நல்லது, எதைச் செய்யாமல் இருந்தால் நல்லது என்று கேட்பதுபோல் என்னைப் பார்த்தார்.

நான் வெளிநாடு திரும்பி ஒரு வாரம் கழித்துப் போன் செய்தேன். மத்தியானம் நாலு திராட்சை கொடுப்பதாக அத்தான் சொன்னார். பெரிய சிஸ்டரிடம் எழுதி வாங்கிக்கொண்டாராம். முதல் மூன்றை அவள் வாயில் வைத்துக் கரைய விடுகிறாள். நாலாவதை உடனே கடித்துவிடுகிறாள். கடித்தபிறகு மணிக்கணக்கில் ஒரு வார்த்தை பேசுவதில்லை. ஈரத்துணியை நெற்றியில் போட்டால் எடுத்து வாயில் வைத்துக்கொள்கிறாள். பிடுங்க வேண்டியிருக்கிறது.

"நீ பிடுங்கியிருக்கியா மச்சான் யார் வாயிலேர்ந்தாவது எதையாவது?" என்று கேட்டார்.

பின்னால் அக்காவின் குரல் கேட்டது, டக் டக்கென்று நாக்கு ஒட்டுகிற சத்தத்தோடு. "இன்னும் ஒண்ணே ஒண்ணு குடுங்க."

"இல்லம்மா."

"பாதி."

"இல்லம்மா."

"அப்ப தோலு."

அத்தான் போனை வாய்க்குக் கிட்டே கொண்டுவந்தார். "உன் போன்ல வானிலை எல்லாம் காட்டுமே, எங்க ஊருக்குப் பாரேன். மழை எப்ப?"

பார்த்தேன். திரையில் பத்து நாளுக்கும் வரிசையாக ஒரே சூரியன்.

"என்ன போட்டிருக்கு?"

"பாத்துட்டிருக்கேன் அத்தான்" என்றேன். "நெட் கொஞ்சம் மெதுவா இருக்கு."

"சரி, பாரு. நான் லைன்லயே இருக்கேன்."