வாழ்த்துப்பா தீர்ந்துபோன மேடை

துறைமுகத்துக்கு வரும் சரக்குகளுக்குச் சுங்க அனுமதி வாங்கித் தரும் அலுவலகத்தில் எனக்கு வேலை. கவிதையும் எழுதுவேன். தெருவில் எல்லோருக்கும் இது தெரியும்; யாரும் பொருட்படுத்தியதில்லை. போன வருடம் எங்கள் வார்டு கவுன்சிலர் பொருட்படுத்தினார். இரும்புக் கடை வைத்திருக்கும் அண்ணாச்சி. அவர் கட்சியின் மாவட்டச் செயலாளருக்குப் பிறந்தநாள் கூட்டம். திருச்செந்தூரில் ஒரு கல்யாணத்தை முடித்துவிட்டுச் செயலாளர் வந்து சேரும்வரை கூட்டம் கலையாமலிருக்க ஒரு கவிஞர் தேவைப்பட்டார்.

வாழ்த்துப்பா எழுதினேன். செயலாளரை முத்து என்றேன், கலங்கரை விளக்கம் என்றேன். இரண்டின் சாயலும் அவரிடம் கிடையாது.

மேடையில் அது சீக்கிரமே தீர்ந்துவிட்டது. செயலாளர் இன்னும் ஆறுமுகநேரியைத் தாண்டவில்லை என்று போன் வந்தது. நிறுத்தாதே என்று அண்ணாச்சி ஓரத்திலிருந்து கையைச் சுழற்றினார். முதலிலிருந்து மறுபடி வாசித்தேன். மூன்றாம் முறை அவரை முத்து என்றபோது பெண்கள் சேலையை உதறிக்கொண்டு எழுந்தார்கள்.

பதற்றத்தில் கைப்பேசியில் அகப்பட்ட கவிதையை எடுத்தேன். மழைத்தண்ணீர் எங்கள் தெருவில் தேங்கிக் கிடந்தபோது எழுதியது.

“அடுப்படிவரை கெளுத்தி வந்தது,
ஓட்டுக் கேட்டவர் வாசல்வரை வரவில்லை.”

எழுந்தவர்கள் உட்கார்ந்துவிட்டார்கள். கைதட்டி, இன்னொருக்க வாசிக்கச் சொன்னார்கள். வாசித்துக்கொண்டிருக்கும்போதே செயலாளர் மேடையேறினார். கைதட்டல் தனக்கென்று நினைத்துக் கும்பிட்டார். கவிதை முடிந்ததும் என் தோளில் கைபோட்டு, எதிர்க்கட்சிக்காரனை நறுக்கென்று கேட்டுவிட்டீர் என்று பாராட்டினார்.

“எந்த வார்டுவே இது? கவுன்சிலர் யாரு?”

மைக்கை யாரும் அணைத்திருக்கவில்லை. நான் வாயைத் திறக்குமுன் முன்வரிசை மொத்தமும் அண்ணாச்சியைக் கைகாட்டியது. செயலாளர் அவரைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு கேக் வெட்டப் போனார்.

அந்த வாரமே ஜேசிபி வந்து எங்கள் தெருவில் தண்ணீர் வடிய வாறுகால் தோண்டியது. அண்ணாச்சி குடையோடு நின்று வேலையை மேற்பார்த்தார். என்னிடம் மட்டும் பேசவில்லை. எல்லாம் முடிந்து தண்ணீர் ஓடத் தொடங்கிய பிறகுதான் கடைக்குக் கூப்பிட்டு டீ வாங்கிக் கொடுத்தார்.

“எங்கிட்ட நேர்லயே சொல்லிருக்கலாம்லா?”

மனு கொடுத்ததையும், இதே கடைக்கு வந்து சொன்னதையும் நினைவுபடுத்தினேன். அண்ணாச்சி டீயை ஆற்றியபடி யோசித்தார்.

“சொல்லிருப்பீரு. ஆனா அப்பம் யாரும் கைதட்டலியே.”

இப்போது பக்கத்து வார்டுக்காரர்கள் தெருவிளக்கு எரியவில்லை என்று என் வீட்டுக்கு வருகிறார்கள். மாநகராட்சியில் புகார் கொடுத்தீர்களா என்று கேட்டால், அதெல்லாம் கொடுத்தாயிற்று, இனிப் பாட்டுத்தான் என்கிறார்கள்.