எங்கள் அடுப்படியும் பண்ணையின் இலுப்பை மரமும்

எங்கள் அப்பா திருவாரூருக்குக் கிழக்கே, பண்ணை நிலத்தை ஒட்டிய கூரை வீட்டில் பிறந்தார். நடவு வேலைக்குப் போன பெற்றோர், அரைவயிற்றோடு படிக்கவைத்துக் கணக்கு வாத்தியாராக்கினார்கள். பொறுமைசாலி என்று எழுதினால் அவரிடம் படித்தவர்கள் சிரிப்பார்கள். முக்கோணவியலை நெட்டுருப் போடுகிறவர்களைக் கண்டாலே அவருக்குப் பற்றிக்கொண்டு வரும்.

"டேன் நாப்பத்தஞ்சு ஒண்ணுன்னு கிளிகூட சொல்லும். கண் மட்டத்துக்கு மேல மரம் எவ்வளவு உசரமோ, அவ்வளவு தூரத்துல நீ நிக்கிறேன்னு அர்த்தம். போய் நின்னு பாருய்யா!" என்பார்.

குடியிருக்கும் மனை விவசாயத் தொழிலாளிக்கே சொந்தம் என்று கழக ஆட்சியில் சட்டம் வந்தது. பண்ணைக்கு வயிறு எரிந்தது. எங்களைக் காலி செய்யச் சொல்ல முடியாதே! வாசலுக்கு எதிரே நின்ற தங்கள் இலுப்பை மரத்தை வெட்டக் காரியஸ்தரை அனுப்பினார்கள். சாய்க்கும் கயிறு எங்கள் வீட்டுப் பக்கம் கட்டியிருந்தது. தவறி விழுந்தது என்று சொல்லிக்கொள்ளலாம் அல்லவா? என்ன கேவலமான புத்தி!

"மரம் உங்க வீட்டுக்கு எட்டாது வாத்தியாரே" என்றார் காரியஸ்தர்.

அப்பா ஒரு சதுரத் தாளை மூலைக்கு மூலை மடித்தார். நாற்பத்தைந்து பாகை. அடிவிளிம்பைத் தரைமட்டமாகப் பிடித்து, சாய்ந்த விளிம்பு வழியே மரத்தைப் பார்த்தபடி பின்னால் நகர்ந்தார். வீட்டைத் தாண்டிக் கொல்லைக்குப் போன பிறகுதான் நுனி கோட்டில் வந்தது.

"நான் நிக்கிற இடம் வரைக்கும் மரம் விழும். என் கண் உசரத்தைச் சேத்தா இன்னும் தள்ளி விழும். நடுவுல எங்க அடுப்படி இருக்கு."

"காகிதத்தை மடிச்சா மரம் நீண்டுடுமா?"

"எட்டாதுன்னா வாங்க. எங்க அடுப்படியில உக்காந்து ஒரு வாய் சாப்பிடுங்க. நீங்க சாப்பிடும்போதே வெட்டட்டும்."

காரியஸ்தர் எங்கள் வீட்டில் பச்சைத் தண்ணீர்கூடக் குடிக்காதவர். அன்று சாதியை நினைத்தாரோ இல்லையோ, மரத்தின் நுனியை அண்ணாந்து அண்ணாந்து பார்த்தார். வெட்ட வந்த ஆட்கள் கோடாலியைக் கீழே போட்டுவிட்டார்கள். பிறகு உச்சியிலிருந்து துண்டு துண்டாகக் கழித்துத்தான் மரத்தை இறக்கினார்கள். வீடு பிழைத்தது.

கடைசி நாட்களிலும் அப்பா மாறவில்லை. கட்டிலின் தலைமாட்டை முப்பது பாகை உயர்த்தியிருப்பதாக நர்ஸ் சொன்னபோது, "இருபதுகூட இருக்காதும்மா" என்று முகத்தைத் திருப்பிக்கொண்டார். அதுதான் அவர் பேசிய கடைசிப் பேச்சு. நினைத்தால் சிரிப்பும் வருகிறது, அழுகையும் வருகிறது.

அப்பாவைத் தோளில் சுமந்தவர்களுக்கும், மருத்துவமனையில் கண்விழித்தவர்களுக்கும், பதினாறாம் நாள் எங்களோடு பந்தியில் அமர்ந்தவர்களுக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. காரியஸ்தரின் மகனும் காரில் வந்திருந்தார். படத்துக்கு மாலை போட்டுவிட்டு, சாப்பிடக் கூப்பிட்டதும் அவசர வேலை என்று கிளம்பிவிட்டார். அவருக்கு ஒன்று சொல்ல வேண்டும். ஐயா, மரத்தை வெட்டி எத்தனையோ வருடமாயிற்று. இனி எங்கள் அடுப்படியில் பயமில்லாமல் உட்காரலாம்.