உலராக்கூந்தலைக் கடக்க எத்தனை ஆண்டு

பி.எஸ்ஸி. இயற்பியல் முடித்துவிட்டு, வேலையும் கிடைக்காமல் வரனும் அமையாமல் பசுமலை வீட்டில் நான் உட்கார்ந்திருந்தது எழுபதுகளின் கடைசியில். பொழுது போகாமல் நானும் என் தோழியும் ஒரு கையெழுத்துப் பத்திரிகை ஆரம்பித்தோம். மாதம் ஒரே ஒரு பிரதி. நான் எழுதுவேன், அவள் படம் போடுவாள். காக்கி அட்டை போட்டு, தெருவில் பதினோரு வீட்டுக்கும் வரிசையாகச் சுற்றுக்கு விடுவோம். கடைசி நாலு பக்கம் வாசகர் கருத்துக்கு. "படம் அருமை", "அடுத்த இதழில் கோலம் போடவும்" என்பதைத் தாண்டி அதில் ஒன்றும் வராது.

நான் எழுதிய தொடர்கதை நம் பிரபஞ்சத்திலேயே நடக்கவில்லை. மூன்று சூரியன்கள் உள்ள வேறொரு பிரபஞ்சம். அதன் தென்வானத்தில் உலராக்கூந்தல் என்றொரு நெபுலா, அதாவது பெரிய தூசிமேகம். தலைக்குக் குளித்த ஒருத்தி முடியை உலர்த்த உட்கார்ந்தாளாம். உலர்வதற்குள் மூன்று சூரியனும் மறைந்துவிட, ஈரத் தலையோடு இன்னும் காத்திருக்கிறாளாம். சாகிறவர் கடைசியாகச் சொன்ன சொல் ஒளிப்பொறியாகி அந்தக் கூந்தலுக்குள் நுழையும். மறுபக்கம் வெளியே வருகிற நாளில், உரியவர் உயிரோடு இருந்தால் அவர் காதில் மட்டும் கேட்கும். இது அந்த உலகத்து மக்களின் நம்பிக்கை.

படித்த படிப்பைச் சும்மா விட மனசு வருமா? அறிவியலும் சேர்த்தேன். உலராக்கூந்தல் முழுக்கப் பனி பூசிய தூசி. உள்ளே போன ஒளி ஒன்றில் முட்டி இன்னொன்றில் தெறித்து, வந்த வழியே திரும்பி, மறுபடி முட்டித்தான் வெளியே வர வேண்டும். சித்திரைத் திருவிழாக் கூட்டத்தில் மாட்டிக்கொண்டவர் மாசி வீதியைக் கடப்பது போலத்தான். படத்துக்கு மாதிரி வேண்டும் என்றாள் தோழி. மழை விட்ட மறுநாள் சைக்கிளில் கீழக்குயில்குடிக்குப் போய், சமணர் மலைப் பாறையில் தண்ணீர் வழிந்த கறுப்புத் தடங்களைப் பார்த்து வரைந்துகொண்டு வந்தோம்.

பதினோராவது வீட்டில் ஓய்வு பெற்ற ரயில்வே டிக்கெட் பரிசோதகர் ஒருவர், மகன் மருமகளோடு இருந்தார். மனைவி இறந்து சில மாதம்தான் ஆகியிருந்தது. எதைப் படித்தாலும் சிவப்புப் பேனாவோடுதான் படிப்பார். என் தவறுகளைச் சுற்றி வட்டம் போடுவார். எனக்கு அவரைக் கண்டாலே ஆகாது. ஐந்தாம் இதழ் அவர் வீட்டிலிருந்து திரும்பியபோது கருத்துப் பக்கத்தில் இப்படி இருந்தது: "ஒளி உலராக்கூந்தலைக் கடக்க மூன்றாம் இதழில் ஒன்பது ஆண்டு. ஐந்தாம் இதழில் தொண்ணூறு. எது சரி? எனக்கு வயது அறுபத்து மூன்று. தெளிவுபடுத்தவும்."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. தப்பு என்னுடையதுதான். கொள்ளுப்பாட்டியின் சொல்லைக் கதாநாயகி கேட்க வேண்டும் என்று பிறகு தோன்றியதால், பழையதை மறந்து தொண்ணூறு என்று எழுதிவிட்டேன். அது சரி, வயதை எதற்கு எழுதினார்?

"டிக்கெட்டுல தப்பு கண்டுபிடிச்ச புத்தி, அம்புட்டுதான்டி," என்றாள் தோழி.

"அப்ப வயசு எதுக்கு?"

"எனக்கென்ன தெரியும்? ஒம்பதுன்னு எழுதிட்டுப் போயேன். ஒனக்கு என்ன கொறஞ்சு போச்சு?"

கதை குறைந்து போகும். அதை விட்டுக்கொடுக்க எனக்கு மனமில்லை. நேரே போய், "தொண்ணூறுதான் சார், ஒன்பது என் பிழை," என்றேன். "தொண்ணூறா," என்றார். சிவப்புப் பேனாவை மூடிவிட்டு, "சரிம்மா. கதைன்னா கணக்கு ஒத்து வரணும்ல," என்று உள்ளே போய்விட்டார். அப்பாடா, வெறும் பிழைதிருத்தம்தான் என்று திரும்பினேன். ஆனாலும் மனசில் ஏதோ உறுத்திக்கொண்டே இருந்தது.

பத்து நாள் கழித்து, திருமங்கலம் பஸ்ஸுக்காக நின்ற என்னை அவர் மருமகள் பிடித்துக்கொண்டாள்.

"என்னத்தத் தாயி எழுதுன? மாமா பிரஷர் மாத்திரைய நிப்பாட்டிட்டாரு. ஒன் கதையப் படிச்ச பெறகுதான் ஒழுங்காப் போட்டுக்கிட்டு இருந்தாரு. இப்பக் கேட்டா, எம்புட்டு முழுங்குனாலும் தொண்ணூறு வருசம் இருக்க முடியுமாங்கிறாரு."

அப்புறம் குரலைத் தாழ்த்திச் சொன்னாள். "அத்தை போறப்ப இவரு ஆஸ்பத்திரி வாசல்ல டீ குடிக்கப் போயிருந்தாரு. அது என்னமோ சொல்லுச்சு, எங்களுக்கு வெளங்கல."

முதலில் எனக்குக் கோபம்தான் வந்தது. படித்த மனுஷர், கதை என்று தெரியாதா? தெரிந்தால் ஏன் மாத்திரையை நிறுத்த வேண்டும்? தெரியாவிட்டால் நான் செய்தது எவ்வளவு பெரிய பாவம்! ஒரே ஆள் ஒன்றை நம்பவும் நம்பாமலும் இருக்க முடியுமா என்று இன்றுவரை எனக்குப் பிடிபடவில்லை. பயமாக இருந்தது, வெட்கமாகவும் இருந்தது.

அன்று சாயங்காலமே நோட்டை எடுத்து உட்கார்ந்தேன். தூசிமேகம் எல்லா இடத்திலும் ஒரே அடர்த்தியாகவா இருக்கும்? நடுவில் அடர்த்தி, ஓரத்தில் மெலிசு. நடுவே போகிற ஒளிக்குத் தொண்ணூறு ஆண்டு, ஓரமாகப் போவதற்கு ஒன்பது. இரண்டு இதழும் சரி, இயற்பியலும் சரி! என் கெட்டிக்காரத்தனத்தை நானே மெச்சிக்கொண்டு, ஒரு தாளில் எழுதி எடுத்துக்கொண்டு ஓடினேன்.

இரண்டு தடவை படித்தார். பேனாவைத் தொடவில்லை.

"இவ எந்த வழியாப் போனான்னு எப்படிம்மா தெரியும்?"

அதை நான் யோசிக்கவே இல்லை. எதையாவது சொல்லியாக வேண்டுமே என்று, "அம்மா எப்படி சார் நடப்பாங்க?" என்று கேட்டுவைத்தேன். ஏன் அப்படிக் கேட்டேன், எந்தப் புத்தகத்தில் அதற்கு இடம் இருக்கிறது, ஒன்றும் தெரியவில்லை.

"ஓரமாத்தான்," என்றார். "நான் நடு ரோட்டுல போவேன். ஓரமாப் போ, ஓரமாப் போன்னு அவள அதட்டிக்கிட்டே வருவேன். முப்பத்தஞ்சு வருசம் அப்படியேதான் வந்தா."

கண் கலங்கியது அவருக்கு. எனக்கும்தான்.

"அப்படின்னா ஒன்பதுதான் சார்," என்றேன். நான் சொல்வது பொய்யா இல்லையா என்றே எனக்குத் தெரியவில்லை.

விரலை மடக்கிக் கூட்டினார். "எழுவத்தி ரெண்டு," என்றார். பிறகு மருமகளைக் கூப்பிட்டார்.

"அந்த மாத்திரையக் கொண்டாம்மா."