கோப்பை கழுவிய சக்கரவர்த்தி

இன்று பாரிஸின் லா சப்பலில், ஒரு தேநீர்க் கடையில், மூன்றாம் உலகப்போர் மூண்டது.

என் அக்கா மகள் கார்ட்டூன் படங்களுக்கு ஓவியம் கீறுகிறாள். அவளைப் பெண் பார்க்க வந்த மாப்பிள்ளையின் தகப்பன், உணவகம் நடத்தும் சக்கரவர்த்தி, "கீறுறதெல்லாம் ஒரு வேலையோ, பிள்ளை?" என்றார்.

அவள் ஒரு ஜப்பானிய இயக்குநரைப் பற்றிச் சொன்னாள். பத்து வருடம் மற்றவர்களின் படங்களுக்குக் கை கால் அசைவு கீறிய பிறகுதான் அவர் இயக்குநர் ஆனாராம்.

"பத்து வருசமோ! மூளையில்லாத மொக்கனாயிருப்பான்."

எனக்கு நெற்றிக்கண் திறந்தது. "அண்ணை, நீங்கள் பன்னிரண்டு வருசம் கோப்பை கழுவித்தானே முதலாளியா வந்தனீங்கள்? போற கலியாண வீடெல்லாம் மைக் பிடிச்சுச் சொல்லுறியள்!"

"அது உழைப்பு!"

அவள் எழுந்து என் கையைப் பிடித்தாள். "மாமா, வாங்கோ போவம். எனக்கு இந்தச் சம்பந்தம் வேண்டாம்."

நல்ல மாப்பிள்ளை இருந்தால் இந்தப் பதிவின் கீழே எழுதுங்கள். தகப்பனை மட்டும் வீட்டில் பூட்டிவிட்டு வரவும்.