உங்கள் வீட்டுச் சாமான் எங்கள் வீட்டில்

அக்கா கண்மூடி ஓராண்டு நிறையும் இவ்வேளையில், இந்த நினைவு மலரைக் கையில் எடுத்திருக்கும் உங்களிடம் முதலில் ஒன்று கேட்க வேண்டியிருக்கிறது. எங்கள் வீட்டிலிருக்கும் நீலத் தகரப்பெட்டி யாருடையது? கைபிடி உடைந்த பித்தளைச் செம்பு யாருடையது?

அக்கா கொழும்பு கொட்டாஞ்சேனையில் பிறந்தவர். மாதா கோவிலில் நத்தாருக்கு இயேசு பாலன் குடில் கட்டப் போனவர், திரைப்படங்களுக்கு வீடு கட்டுபவராக வளர்ந்தார். கலை இயக்குநர் என்பார்கள். கதையில் வருபவர்கள் வாழும் வீட்டைச் சுவரிலிருந்து கதவுப்பிடி வரை அமைப்பது அவர் வேலை. துறைமுகத்தில் கிளார்க்காக இருந்த அப்பாவுக்கு அது பிடிக்கவில்லை.

"ஆரும் குடியிருக்காத வீட்டைக் கட்டி என்ன பிள்ளை செய்யப் போறாய்?"

"குடியிருந்த மாதிரிக் கட்டவேணும் அப்பா. அதுதான் வேலை."

இதனால் அக்கா புதுச் சாமான்களை நம்பியதே இல்லை. உங்கள் வீட்டுக்கு வந்து தேநீர் குடித்தபடி அலுமாரிக்கு மேலே என்ன இருக்கிறது என்று பார்த்தவர் அவர்தான். இரவல் வாங்கும்போது, "இடத்தை வெறுமையா விடக்கூடாது" என்று எங்கள் வீட்டுச் சாமான் ஒன்றை அங்கே வைத்துவிட்டு வருவார். எங்கள் வீடு மெல்ல மெல்ல மற்றவர்களின் வீடாகியது.

"கவனமா இரு பிள்ளை, என்னையும் ஒருநாள் ஆரிட்டயும் குடுத்திடுவாள்" என்று அம்மா என்னிடம் சொல்லிச் சிரிப்பார்.

யுத்த காலத்தில் படப்பிடிப்புக்காகக் கட்டில், கதிரைகளோடு போன வான் வண்டியைச் சோதனைச் சாவடியில் மறித்து, வீடு மாறுகிறீர்களா என்று சிங்களத்தில் கேட்டார்களாம். "நானில்லை, கதாநாயகி" என்று அக்காவும் சிங்களத்திலேயே சொல்லியிருக்கிறார். வான் மாலைவரை அங்கேயே நின்றது. "அக்கே" என்று அவரை அழைத்து, கூடவே வேலை செய்த சிங்களத் தம்பிமார் இதை இன்றும் சொல்லிச் சிரிக்கிறார்கள்.

பொரளையில் வைத்தியசாலைக் கட்டிலில் கிடந்தபோதும் திரைச்சீலையைத்தான் பார்த்தார். "புதுசு. ஒருத்தரும் இன்னும் கை துடைக்கேல்லை" என்றார். அவர் போனபின் அம்மா கேட்டது ஒன்றே ஒன்றுதான். தன் கலியாணத்துக்கு வந்த, இருதய ஆண்டவராகிய இயேசுவின் படம் ஆண்டுச் செபத்துக்கு வீட்டில் இருக்கவேண்டும். அது எந்த வீட்டில் இருக்கிறதென்று அக்கா சொல்லவில்லை. அந்த இடத்தில் பல காலமாகத் தொங்கியது ஒரு முருகன் படம். அதன்முன் செபமாலை சொல்லும்போது அம்மா சற்றே பக்கவாட்டில் திரும்பி இருப்பார்.

முருகன் படத்தைக் கழற்றிப் பார்த்தேன். பின்பக்கத்தில் ஜிந்துப்பிட்டிக் கடையொன்றின் முத்திரை இருந்தது. சட்டம் போட்ட கடைக்காரர் படத்தைக் கண்டதும் பின் ஒழுங்கையில் ஒரு வீட்டைக் காட்டினார். அம்மாவையும் கூட்டிக்கொண்டு போனேன். கதவைத் திறந்த பெண்மணியின் பின்னால், சுவரில் இருதய ஆண்டவர். கண்ணாடியில் சந்தனமும் குங்குமமும், மேலே மல்லிகைச் சரம்.

"ஏன் பிள்ளை, ஒருக்காவும் உங்கட படத்தைத் திருப்பிக் கேக்கேல்லை?" என்றார் அம்மா.

"கேட்டிருந்தா அக்கா உடனே கொண்டாந்து குடுத்திருப்பாங்கம்மா. அப்புறம் எதுக்கு வருவாங்க? 'இன்னும் கொஞ்ச நாள் இருக்கட்டுமா'ன்னு கேக்குறதுக்குன்னே வருவாங்க. நானும் டீ ஊத்திக் குடுப்பேன்."

அக்கா போன நாளிலிருந்து அழாத அம்மா அந்த வீட்டு வாசலில் நின்று அழுதார். எனக்கும் தாங்கமுடியவில்லை. எங்கள் வீட்டில் இவ்வளவு சாமான் தேங்கியது ஏனென்று அப்போதுதான் விளங்கியது. நீங்கள் ஒருவரும் திருப்பிக் கேட்கவில்லை.

படங்கள் இரண்டும் வீடு மாறின. குங்குமத்தைத் துடைக்கப் போன என் கையை அம்மா பிடித்துக்கொண்டார். இருதய ஆண்டவர் இப்போது பொட்டோடுதான் இருக்கிறார்.

அக்காவின் நோயில் துணையிருந்த தாதியருக்கும், செபம் சொல்லித் தந்த குருவானவருக்கும், தோளில் சுமந்த தம்பிமாருக்கும், சாமான் தந்த உங்கள் எல்லோருக்கும் எங்கள் நன்றி. அவற்றை எடுத்துப் போக வாருங்கள். எல்லோரும் ஒரே நாளில் வராமல் ஒவ்வொருவராக வாருங்கள், அம்மா தேத்தண்ணி போட்டுத் தருவார். போகும்போது அந்த இடத்தில் உங்கள் வீட்டுச் சாமான் ஒன்றை வைத்துவிட்டுப் போங்கள். அதைத் திருப்பித் தர நாங்கள் கொஞ்ச நாள் சுணங்குவோம்.