வால் வந்தாச்சு

இது நடந்தது. நம்பாதவர்கள் இங்கேயே நிறுத்திக்கொள்ளலாம், எனக்குக் கோபம் இல்லை. கோபப்பட எனக்கு வேறு ஆட்கள் இருந்தார்கள். அவர்களைத் தேடித்தான் அந்தத் துறைமுக நகரத்துக்குப் போனேன்.

என் மனைவி ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் வேலை பார்த்தாள். ஒரு பயிற்சி வகுப்புக்காக அந்த ஊருக்குப் போயிருந்தாள். கடைசி நாள் மாலை ஓய்வு. பழைய துறைமுகத்தை நடத்திக் கூட்டிப்போய்க் காட்டும் சின்னக் குழு ஒன்றில் சேர்ந்துகொண்டாள். குழு திரும்பியது. அவள் திரும்பவில்லை.

அந்த நடை எப்படி நடக்கும் என்று முதலில் சொல்லிவிடுகிறேன்.

கைடு முன்னால் பேசிக்கொண்டே போவார். எல்லோர் காதிலும் ஒரு இயர்போன். கேட்க மட்டும்தான் முடியும். கடைசியில் வருகிற ஒருவருக்கு மட்டும் கையில் ஒரு விளக்கும், பேசுவதற்கு ஒரு பொத்தானும் தருவார்கள். அவருக்குப் பெயர் ‘வால்’. கிடங்கோ சந்தோ, ஓர் இடத்தைவிட்டு எல்லோரும் வெளியே வந்ததும் வால் பொத்தானை அழுத்தி “வந்தாச்சு” என்று சொல்ல வேண்டும். கைடு கதவைப் பூட்டுவார். திரும்பிப் பார்க்க மாட்டார். தலைகளை எண்ண மாட்டார்.

பழைய கிடங்கிலிருந்து படகுத்துறைக்குப் பூமிக்கடியில் ஒரு சரக்குப் பாதை போகிறது. நடுவில் ஒரு பள்ளம். அலை ஏறும் நேரத்தில் அந்தப் பள்ளத்தில் கடல் வந்து நிற்கும். அன்றைக்கு வால், என் மனைவி. “வந்தாச்சு” என்று குரல் கேட்டது. கைடு பூட்டினார். அவள் உள்ளே இருந்தாள். விளக்கு திரும்பி வரவில்லை என்று அவர்கள் கவனித்தபோது இரவு எட்டரை.

இரண்டு கேள்விகள் இருந்தன. அவள் உள்ளே இருக்கும்போது “வந்தாச்சு” என்று சொன்னது யார்? இரண்டாவது... வெளியேறும் படிகள் பள்ளத்திலிருந்து கூப்பிடு தூரம். ஏறி நின்றிருந்தால் தண்ணீர் எட்டியிருக்காது. அவளைப் பள்ளத்தில்தான் எடுத்தார்கள். ஏன் அங்கேயே நின்றாள்?

விசாரணை அறிக்கை ஒரே சொல்லில் முடித்துவிட்டது. ‘விளையாட்டுத்தனமாக.’ அவளே வேடிக்கைக்குச் சொல்லிவிட்டு, அவளே திரும்பி உள்ளே போனாளாம்.

லேபிள் ஒட்டாத சோதனைக் குழாயைக் கையால் தொடமாட்டாள் அவள். தெருமுனை வரை வந்துவிட்டு, கேஸை மூடினோமா என்று என்னையும் இழுத்துக்கொண்டு திரும்பிப் போகிறவள். அவளுக்கு விளையாட்டுத்தனமாம்.

அந்தச் சொல்லோடு பதினோரு மாதம் இருந்தேன். பிறகு அந்த நிறுவனம் பெயரை மாற்றிக்கொண்டு மறுபடி ஆட்களைச் சேர்க்கிறது என்று தெரிந்தது. விளம்பரத்தில் அதே சுரங்கப்பாதையின் படம். கீழே, ‘துணிச்சல் உள்ளவர்களுக்கு மட்டும்.’

பணம் கட்டினேன்.

மாலை ஐந்தரைக்குச் சுங்கக் கட்டடத்தின் வாசலில் கூடினோம். ஓய்வுபெற்ற வங்கி அதிகாரி ஒருவர், அவர் மனைவி, கல்லூரித் தோழிகள் இருவர், நான். கைடுக்கு ஐம்பது வயதிருக்கும். மாலுமித் தொப்பி. தன்னைக் ‘கேப்டன்’ என்றுதான் கூப்பிட வேண்டுமாம். அறிக்கையில் பார்த்த அதே முகம். ஆளை மாற்றக்கூட இல்லை.

யார் வாலாக வருகிறீர்கள் என்று கேட்டார். வங்கிக்காரர் கை தூக்கினார்.

“இவரு வாலா வந்தா நாமெல்லாம் நாளைக்குத்தான் வெளிய வருவோம். வீட்டுல செருப்பு மாட்டவே அரை மணி நேரம்” என்றார் அவர் மனைவி. தோழிகள் சிரித்தார்கள்.

“நான் வரேன்” என்றேன்.

கேப்டனின் கையிலிருந்த விளக்கு அப்படியே நின்றது. என் முகத்தைப் பார்க்கவில்லை. என் வாயைப் பார்த்தார்.

“சார் முன்னாடி எங்ககூட வந்திருக்கீங்களா?”

“இல்ல.”

“குரல் கேட்ட மாதிரி இருக்கு.”

விளக்கை வாங்கிக்கொண்டேன். கொடுக்கும்போது அவர் விரல்கள் சில்லென்று இருந்தன. குற்ற உணர்ச்சி என்று நினைத்தேன். நன்றாக நடுங்கட்டும் என்று நினைத்தேன்.

கயிறு திரிக்கும் கூடம், மூடிக்கிடந்த ஏலக் கடை, நங்கூரங்கள் அடுக்கிய முற்றம். எதுவும் என் மனதில் ஏறவில்லை. கேப்டனின் முதுகை மட்டும் பார்த்துக்கொண்டு நடந்தேன். ஒவ்வொரு கதவிலும் பொத்தானை அழுத்தி “வந்தாச்சு” என்றேன். ஒவ்வொரு முறையும் அவர் தோள்கள் ஒரு கணம் விறைத்தன.

நங்கூர முற்றத்தில்தான் அதை முதலில் கவனித்தேன். கேப்டன் பேச்சை நிறுத்தியபோதும் இயர்போன் அமைதியாகவில்லை. உள்ளே யாரோ மூச்சு விட்டுக்கொண்டிருந்தார்கள். ஓடி வந்து நின்றவர்கள் விடும் மூச்சு. கழற்றினேன். நின்றது. மாட்டினேன். மறுபடி.

“உங்க இயர்போன்ல ஏதாவது கேக்குதா?” என்று பக்கத்திலிருந்த தோழியைக் கேட்டேன். உதட்டைப் பிதுக்கினாள்.

ஆறு நாற்பதுக்குச் சுரங்கப்பாதைக்குள் இறங்கினோம். பின்னால் காவலாளி கிடங்குக் கதவை வெளியிலிருந்து பூட்டினான். அதுவும் அவர்களுடைய வழக்கம்.

உள்ளே உப்பு வாடை. தரையில் தள்ளுவண்டித் தண்டவாளம். சுவரில் பாசி, என் தோள் உயரம் வரை. அதற்கு மேல் இல்லை.

அவள் என் தோள் உயரம்தான்.

பள்ளத்துக்கு முன்னால் கேப்டன் நின்றார். குரலைத் தாழ்த்திக்கொண்டார். இந்த இடத்தில் ஒரு பெண், விளையாட்டுக்காகத் திரும்பி வந்தவள், இன்னமும் நடக்கிறாளாம். சில நாள் காலடி கேட்குமாம். தோழிகள் ஒருத்தி கையை ஒருத்தி பிடித்துக்கொண்டார்கள். வங்கிக்காரர் போன் வெளிச்சத்தில் படம் எடுத்தார்.

எனக்குள் ஏதோ பற்றிக்கொண்டது. அவளை மூழ்கடித்துவிட்டு, அதையே கதையாக்கித் தலைக்கு இவ்வளவு என்று விற்கிறான். விளக்கால் அவர் மண்டையைப் பிளந்திருப்பேன். வெளியே போகட்டும், போனதும் பேசிக்கொள்ளலாம் என்று பல்லைக் கடித்துக்கொண்டேன்.

அவர்கள் நடந்தார்கள். படியேறினார்கள். பாதை அங்கே வளைகிறது. ஒவ்வொருவராக மறைந்தார்கள்.

நான் பள்ளத்தில் நின்றேன். வேண்டுமென்றேதான். அவள் நின்ற இடத்தில் ஒரு நிமிடம் நிற்க வேண்டும் என்றுதான் இவ்வளவு தூரம் வந்திருந்தேன். காலணிக்குள் தண்ணீர் ஏறியது.

சொட்... சொட்...

இயர்போனில் மூச்சு நின்றது.

“டேய்.”

அவள்தான்.

எத்தனையோ முறை நினைத்துப் பார்த்துவிட்டேன். வேறு யாருமில்லை. கல்யாணத்துக்கு முன்பிருந்தே என்னை ‘டேய்’ என்று கூப்பிட்டு, என் அம்மாவிடம் தினமும் வாங்கிக் கட்டிக்கொண்ட அதே குரல்.

“நீ எப்படா வந்த?”

ஆச்சரியம். சிரிப்பு. கிடங்குப் பக்கத்து இருட்டிலிருந்து, தண்ணீரை மிதித்து நடக்கிற சத்தம்.

சளக்... சளக்...

எனக்குப் பயம் வரவில்லை. அதை எப்படிச் சொல்வது? பதினோரு மாதமாக எதுவும் வரவில்லை. கோபம் மட்டும்தான் வந்தது. அந்த ஒரு நொடியில் அதுவும் போய்விட்டது. விளக்கைத் தூக்கிப் பிடித்தேன். பொத்தான்மேல் என் விரல் இருந்ததா, தெரியாது.

“இங்கதான் இருக்கேன். வா.”

சளக். சளக். சளக்.

“இரு. கால் வழுக்குதுடா.”

வெளிச்சம் எட்டும் இடத்தில் தண்ணீர் அசைந்தது. யாரும் இல்லை. வளையங்கள் மட்டும். ஒன்று. அதற்கு முன்னால் இன்னொன்று.

என்னை நோக்கி.

அப்போது இயர்போனில் இன்னொரு குரல். ஆண் குரல். நிதானமாக.

“வந்தாச்சு.”

மேலே இரும்புக் கதவு உறுமியது.

இந்தக் குரல்தான். இவன்தான். அதை நினைத்ததும் கோபம் திரும்பி வந்தது. அந்தக் கோபம்தான் என்னைக் காப்பாற்றியது. ஓடினேன். வழுக்கினேன். எழுந்தேன். படிகள். கதவு மூடிக்கொண்டிருந்தது. கையிலிருந்த விளக்கை இடுக்கில் செருகினேன்.

கண்ணாடி நொறுங்கியது. கதவு நின்றது.

மணி ஆறு ஐம்பத்திரண்டு.

வெளியே விழுந்ததும் கேப்டனின் சட்டையைப் பிடித்தேன். நான் உள்ளே இருக்கும்போது யார் சொன்னது என்று கேட்டேன். வங்கிக்காரர்தான் என் கையை விலக்கினார்.

“என்ன தம்பி, நீங்கதானே சொன்னீங்க? உங்க குரல்தான். எல்லாருக்கும் கேட்டுச்சே.”

அவர் மனைவி தலையசைத்தார். தோழிகளும்.

நான் சொல்லவில்லை. இன்றுவரை, நான் சொல்லவில்லை.

மற்றவர்கள் போனபிறகு, படகுத்துறை டீக்கடைக்குப் பின்னால் கேப்டனைச் சுவரோடு சேர்த்து நிறுத்தினேன். நான் யார் என்று சொன்னேன். அவர் தொப்பியைக் கழற்றினார்.

“அடிங்க” என்றார். “அந்தக் குரலைக் கேட்டதும் பூட்டிட்டு ஓடிடணும்னுதான் தோணுச்சு. நீங்க உள்ள இருக்கீங்கன்னு தெரியும். தெரிஞ்சேதான் கதவை இழுத்தேன்.”

அடித்தேன். அவர் தடுக்கவில்லை. பிறகு, வாயைத் துடைத்துக்கொண்டு சொன்னார்.

என் மனைவி இறந்த அன்றும் “வந்தாச்சு” என்று சொன்னது ஆண் குரல்தானாம். விசாரணையில் அதை அப்படியே சொன்னாராம். அன்றைய குழுவில் அவரைத் தவிர ஆண்களே கிடையாது. குடித்திருந்தாயா என்று கேட்டார்களாம். கடைசியில் அவர்களாகவே ஒரு சொல்லைப் போட்டு எழுதிக்கொண்டார்கள்.

“இன்னைக்கு நீங்க ‘நான் வரேன்’னு சொன்னீங்களே சார். அப்பவே தெரிஞ்சுது. அதே குரல்.”

அந்த மாலை நான் நானூறு கிலோமீட்டருக்கு அப்பால், அலுவலகத்தில் இருந்தேன். பக்கத்து மேஜைக்காரரைக் கேட்டால் சொல்வார். அதைக் கேப்டனிடம் சொன்னேன். ஏன் சொன்னேன் என்று தெரியவில்லை.

“வேற ஏதாவது கேட்டுச்சா?” என்றேன்.

கேட்டது என்றார். அதை விசாரணையில் சொல்லவில்லையாம். சொன்னால் பைத்தியக்கார ஆஸ்பத்திரியில் சேர்த்திருப்பார்களாம். ‘வந்தாச்சு’ கேட்பதற்குக் கொஞ்சம் முன்னால், அதே குரல், ரொம்பப் பிரியமாக, வேறொன்றும் சொல்லியிருக்கிறது.

“இங்கதான் இருக்கேன். வா.”

நான் அவரை விட்டுவிட்டேன்.

அவள் ஏன் படியேறவில்லை என்று இப்போது தெரியும். பள்ளத்தில் நின்று யாருக்காகக் காத்திருந்தாள் என்றும் தெரியும். ‘நீ எப்படா வந்த’ என்று அவள் கேட்டது எந்த நாள், நான் பதில் சொன்னது எந்த நாள் என்பது மட்டும் தெரியவில்லை.

அவள் குரலில் பயமே இல்லை. என்னைப் பார்த்துவிட்ட சந்தோஷம்தான் இருந்தது.